பெர்கருக்குப் பின்னிய காலுறை

நியூ எல்பன், ஒஹாயோ
1908 மே 11

மாப்பிள்ளை காஸ்பர் ஹாஃபன்பெர்கர் அவர்களுக்கு மாமியார் ஒட்டீலியா க்ரெப்ஸ் எழுதுவது.

கர்த்தருடைய கிருபையால் இந்த வீட்டில் எல்லோரும் சுகம், என் இடது முழங்காலைத் தவிர. அது என் பேச்சைக் கேட்பதை நிறுத்தி வெகுநாளாகிறது. லீஸல் சுகம். குழந்தை ஹெட்டிக்குப் பல் முளைக்கிறது. கடிப்பதற்கு நீங்கள் விட்டுப்போன பழைய பேஸ்பால் கையுறையைக் கொடுத்திருக்கிறோம். அந்தத் தோல் இப்போதுதான் ஒரு வேலைக்கு ஆகியிருக்கிறது. நீங்கள் வேளாவேளைக்குச் சாப்பிடுகிறீர்களா?

நான் இங்கிலீஷ் படித்தவள் அல்ல. ஆனால் பெயர் வாசிக்கத் தெரியும். நாவிதர் எமில் தன் கடைக்கு வரும் ஆட்டப் பத்திரிகையைப் பார்த்து முடித்ததும் எனக்குத் தருகிறார். உங்கள் கார்ட்வெல் நாரைகள் அணி ஆடிய எல்லா ஆட்டத்தையும் விரல் வைத்துத் தேடிவிட்டேன். உங்கள் பெயர் எதிலும் இல்லை.

ஈஸ்டர் விருந்தன்று உருளைக்கிழங்குக் கிண்ணத்தைக் கையில் வைத்துக்கொண்டு நீங்கள் சொன்னது உங்களுக்கு மறந்திருக்கலாம். எனக்கு மறக்காது. "அத்தை, இந்த வருஷம் எனக்கு டீம்ல நெலையான எடம். நீங்க குளிர்காலத்துக்கு ஊறப்போட முட்டைகோஸ் சீவுற நாளுக்குள்ள என் பேரு பேப்பர்ல வரலேன்னா, மட்டையத் தூக்கி அடுப்புல போட்டுட்டு ஓட்டோ மச்சான் பட்டறைக்கு வந்துடறேன்" என்றீர்கள். என் மகன் ஓட்டோ அன்றே பீப்பாய்ப் பட்டறையில் உங்களுக்கு ஒரு மேசையை ஒதுக்கிவிட்டான். பேச்சு என்றால் பேச்சு.

அது கிடக்கட்டும். சென்ற வாரம் மூன்றாம் தளத்தில் நின்ற பெர்கர் என்பவன் யார்? கால்களுக்கு நடுவில் பந்தை ஓடவிட்டு, வென்றிருக்க வேண்டிய ஆட்டத்தைத் தோற்கடித்தானாமே! அப்படி ஒரு காரியத்தை என் மாப்பிள்ளை செய்திருந்தால் இந்த வீட்டுக் கதவு அவருக்குத் திறக்காது. இரண்டாம் தளத்தில் ஹாஃப்மன் என்று ஒருவன் வேறு ஆடுகிறான். உலகத்தில் வேறு பெயரே கிடைக்கவில்லையா?

ஈரத்தில் உட்காராதீர்கள்.

ஒட்டீலியா க்ரெப்ஸ்

*

கார்ட்வெல், இந்தியானா
1908 மே 18

மதிப்புக்குரிய அத்தைக்கு வணக்கம் சொல்லி காஸ்பர் எழுதுவது. நான் இங்கு நல்ல சுகம். உங்கள் முழங்காலுக்குக் கற்பூர எண்ணெய் தடவிப் பாருங்கள். எங்கள் அணியில் எல்லோரும் அதில்தான் மிதக்கிறோம். ஹெட்டி என் கையுறையைக் கடிப்பது கேட்டு மகிழ்ச்சி. எனக்கும் அதைக் கடிக்கவேண்டும் போலப் பலமுறை இருந்திருக்கிறது.

அத்தை, நான் தினமும் ஆடிக்கொண்டுதான் இருக்கிறேன். என்னை இங்கே உதிரி ஆள் என்பார்கள். அப்படியென்றால் எந்த இடத்தில் ஆள் குறைந்தாலும் மேனேஜர் முதலில் என்னைத்தான் தேடுவார். பெயர் பத்திரிகையில் வராதது அச்சுக்காரர்களின் சிக்கல். விரைவில் சரியாகிவிடும்.

பெர்கரைப் பற்றிக் கேட்டிருந்தீர்கள். மிகவும் நல்ல மனிதன். அன்று சூரியன் நேராக அவன் கண்ணில் அடித்தது. பந்து கல்லில் பட்டுத் திசை மாறியது. அவன் இரண்டு நாள் சரியாகச் சாப்பிடவே இல்லை. தயவுசெய்து அவனை மன்னித்துவிடுங்கள்.

ஹாஃப்மனுக்கும் உங்கள் தெருவுக்கும் எந்தச் சம்பந்தமும் இல்லை.

பணிவுடன்,
காஸ்பர்

*

கார்ட்வெல், அதே நாள்

என் லீஸல்,

நீயும் குட்டியும் சுகந்தானே? இந்தக் கடிதத்தைக் கோழிக்கூண்டுப் பக்கம் போய்ப் படி.

பெர்கர் நான்தான். ஹாஃப்மனும் நான்தான். இன்னும் உன் அம்மா கண்ணில் படாத ஹாகர் என்று ஒருவன் இருக்கிறான், அவனும் நான்தான்.

பத்திரிகையில் ஆட்ட விவரம் போடும் பத்தி சுண்டுவிரல் அகலம். ஹாஃபன்பெர்கர் அதில் அடங்குமா? மூன்றாம் தளத்தில் நின்ற அன்று தலையை வெட்டி பெர்கர் என்று போட்டார்கள். இடது வெளிக்களத்தில் நின்ற அன்று வயிற்றை வெட்டி ஹாகர் ஆக்கினார்கள். இரண்டாம் தளத்தில் நின்ற அன்று ஆட்ட விவரத்தைப் பத்திரிகைக்குத் தந்தி அடிப்பவனுக்குத் தூக்கக் கலக்கம். தனக்குத் தெரிந்த பெயராக ஹாஃப்மன் என்று தட்டிவிட்டான். ஒருமுறை போட்டதை அப்படியே பிடித்துக்கொண்டார்கள். இடம் மாறினால் நான் வேறு ஆள்.

இதை அத்தையிடம் எப்படிச் சொல்வது? பெர்கர் நான் என்றால் கதவு திறக்காது. ஹாஃப்மன் நான் என்றால் கூரையே இடிந்துவிழும். ஒரே ஒரு நாள் முழுப் பெயர் வரட்டும், அன்றைக்குச் சொல்லிவிடலாம். மேனேஜர் டேன் ஃபேரல் செப்டம்பர் கடைசியில்தான் அடுத்த வருடத்துக்கு யார் யார் என்று முடிவு செய்வார். அதுவரை அம்மாவைச் சமாளி. லீஸல், எனக்கு மரத்தூள் வாசனை ஆகாது என்பதல்ல. புல் வாசனையை விட்டுவர முடியவில்லை.

உன் (மூன்று பேராகிய) காஸ்பர்

*

நியூ எல்பன்
1908 ஜூன் 14

என் அன்பானவருக்கு, லீஸல். நாங்கள் சுகம். ஹெட்டிக்கு இரண்டு பல் வந்துவிட்டது. கையுறையில் கட்டைவிரல் போய்விட்டது.

கோழிக்கூண்டுப் பக்கம் நின்று சிரித்ததில் அம்மா எட்டிப் பார்த்து, "என்னடி, முட்டை ஜோக்கு சொல்லுதா?" என்றார்கள்.

இங்கே நிலவரம் கேளுங்கள். பெர்கர் பெயரைச் சொல்லிக் கோபப்பட்டுக்கொண்டிருந்த அம்மாவுக்கு, அப்பா செத்த அன்று கேட்காமலே ரொட்டி சுட்டுக் கொண்டுவந்த பேக்கரி பெர்கர் நினைவுக்கு வந்துவிட்டார். "அந்த வம்சமாத்தான் இருக்கும். பாவம், அவங்களுக்கெல்லாம் கண்ணு கொஞ்சம் மங்கல்" என்று மனம் மாறிவிட்டார்கள். இப்போது பெர்கருக்குச் சாம்பல் நிறத்தில் காலுறை பின்னுகிறார்கள். உங்களுக்கு இல்லை.

ஹாஃப்மன் விஷயம் மோசம். இரண்டு வீடு தள்ளியிருக்கும் க்ளாரா ஹாஃப்மன், அந்த ஆட்டக்காரன் தன் வீட்டுக்காரருக்குச் சொந்தம் என்று தெரு முழுக்கச் சொல்லிக்கொண்டு திரிகிறாள். நீங்கள் பந்தை நன்றாக அடிக்கும் நாட்களில் எங்கள் வீட்டில் இரவுச் சாப்பாடு தீய்ந்துபோகிறது. ஓட்டோ அண்ணன் உங்கள் மேசைக்குப் புது உளி வாங்கிவிட்டான். சீக்கிரம் சொல்லிவிடுங்கள்.

லீஸல்

*

நியூ எல்பன்
1908 ஜூலை 12

மாப்பிள்ளை அவர்களுக்கு ஒட்டீலியா க்ரெப்ஸ். எல்லோரும் சுகம். கற்பூர எண்ணெய் தடவினேன். முழங்கால் அப்படியே இருக்கிறது, வீடுதான் மணக்கிறது. உங்களுக்கு அங்கே வயிறு சரியாக இருக்கிறதா?

இத்துடன் பெர்கருக்கு ஒரு ஜோடி காலுறை அனுப்பியிருக்கிறேன். கொடுத்துவிடுங்கள். வெயிலில் நிற்கிறவன்.

இப்போது ஹாஃப்மன் பற்றி. க்ளாரா ஹாஃப்மன் என் முட்டைகோஸ் சீவும் பலகையை இரவல் வாங்கிப்போன கதை உங்களுக்குத் தெரியாது. என் வீட்டுக்காரர் உயிரோடிருந்த காலம். அன்று தூறல். அவள் நீலக் கட்டம் போட்ட ஏப்ரன் கட்டியிருந்தாள். பலகை திரும்பி வந்தபோது அதன் கத்தியில் பல் பெயர்ந்திருந்தது. "நான் வாங்கும்போதே அப்படித்தான் இருந்துச்சு" என்றாள். அன்று முதல் அவளோடு நான் பேசுவதெல்லாம் பதில் மட்டுந்தான்.

சென்ற ஞாயிறு சர்ச் காபி மேசையில் எல்லோர் முன்னிலும் ஆரம்பித்தாள்.

"பாத்தியா ஒட்டீலியா, கார்ட்வெல்ல ரெண்டாம் தளத்துல ஒரு பையன் பிச்சு ஒதறுறானே, எங்க வீட்டுக்காரரோட சித்தப்பா பேரன். மூக்கு அப்படியே எங்க மாமனார் மூக்கு."

"பேப்பர்ல மூக்க எங்கடி போட்டிருக்கான்?"

"ஆடுற ஆட்டத்துலயே தெரியுதே!"

"ஆமாமா, உங்க ஆளுதான். நேத்து ரெண்டு தளத்தத் திருடினான்னு போட்டிருந்துச்சு. அடுத்தவங்க சாமான் மேல கை வைக்கிற குடும்பந்தானே!"

"அது ஆட்டத்துல ஒரு கெட்டிக்காரத்தனம். தெரியாட்டி ஒம் மாப்பிள்ளையக் கேளு. அதுசரி, ஒம் மாப்பிள்ளை எங்க ஆடுறாரு?"

"எல்லா எடத்துலயும்."

"எல்லா எடத்துலயும் ஆடுறவரு ஒரு எடத்துலயும் காணலியே!" என்றாள். பாதிரியார் மனைவிகூடச் சிரித்தாள். அதையும் நான் மறக்கமாட்டேன்.

மாப்பிள்ளை, உண்மையைச் சொல்லுங்கள். உங்களைத் தண்ணீர் வாளி தூக்க வைத்திருக்கிறார்களா? அந்த ஹாஃப்மன் உங்கள் இடத்தைப் பிடித்துக்கொண்டான். இடது பக்கம் ஹாகர் என்ற சோம்பேறி, பந்தைத் துரத்திப்போய் வேலியில் முட்டிக்கொண்டு அங்கேயே படுத்துவிட்டானாம். அவனுக்குக்கூட இடம் இருக்கிறது, உங்களுக்கு இல்லை. உங்கள் மேனேஜருக்கு நான் எழுதப்போகிறேன்.

ஒட்டீலியா க்ரெப்ஸ்

*

கார்ட்வெல்
1908 ஜூலை 20

மதிப்புக்குரிய அத்தைக்கு, காஸ்பர். சுகம். வயிறு சுகம். தோள்பட்டையில் மட்டும் ஒரு வேலித் தூண் அளவுக்கு வலி. அது எப்படி வந்தது என்று தெரியவில்லை.

காலுறை கிடைத்தது. பெர்கருக்கு அளவெடுத்தாற்போல் பொருந்துகிறது. போட்டுக்கொண்டதும் அவன் அறைக்குள் மேலும் கீழும் நடந்து பார்த்தான். அவனுக்கு யாரும் எதுவும் பின்னிக் கொடுத்ததில்லையாம்.

அத்தை, கையெடுத்துக் கேட்டுக்கொள்கிறேன், மேனேஜருக்கு எழுத வேண்டாம். நான் வாளி தூக்கவில்லை. என் வேலை எப்படிப்பட்டது என்றால், யாருக்காவது விரல் உடைந்தால், யாருக்காவது ஜுரம் வந்தால், யார் வீட்டிலாவது சாவு விழுந்தால், அன்று எனக்கு ஆட்டம். காலையில் எழுந்ததும் மேனேஜர் கத்துவார்: "டேய் காஸ்பர், இன்னிக்கு எவனுக்குடா வயித்து வலி? பாத்துட்டு அவன் எடத்துல போய் நில்லு!" அடுத்தவன் நன்றாக இருந்தால் எனக்கு வேலை இல்லை. ஆனாலும் யாருக்கும் கெடுதல் வரவேண்டும் என்று நான் ஜெபம் செய்ததில்லை. ஒருமுறை மட்டும், மட்டைக்காரனுக்குப் பின்னால் உட்கார்ந்து பந்து பிடிப்பவனுடைய பல்வலி இன்னும் ஒரு நாள் நீடிக்கட்டும் என்று நினைத்தேன்.

ஹாகர் சோம்பேறி அல்ல. வேலியில் முட்டியபோதும் பந்தை விடவில்லை. பத்திரிகையில் அதைப் போடவில்லை.

பணிவுடன்,
காஸ்பர்

*

நியூ எல்பன்
1908 ஆகஸ்ட் 9

கார்ட்வெல் நாரைகள் அணியின் மேனேஜர் திரு. டேன் ஃபேரல் அவர்களுக்கு, காஸ்பர் ஹாஃபன்பெர்கரின் மாமியார் ஒட்டீலியா க்ரெப்ஸ் எழுதுவது. நீங்களும் உங்கள் குடும்பமும் சுகம் என்று நம்புகிறேன். எனக்கு முழங்கால் வலி, அது உங்கள் குற்றம் அல்ல.

என் மாப்பிள்ளை வாய்விட்டுக் கேட்கமாட்டார். எங்கள் வீட்டில் பரிமாறும்போதும் இரண்டாவது இறைச்சித்துண்டைக் கேட்டு வாங்கத் தெரியாது, கிண்ணத்தையே பார்த்துக்கொண்டிருப்பார். ஆகையால் நான் கேட்கிறேன். அவருக்கு நிரந்தரமாக ஓர் இடம் கொடுங்கள். இடமில்லை என்று சொல்லாதீர்கள். ஹாகரை நீக்குங்கள், அவனுக்கு வேலி எங்கே இருக்கிறது என்று தெரியவில்லை. ஹாஃப்மனை நீக்குங்கள். அவன் நன்றாக ஆடுகிறான் என்பீர்கள். அந்தக் குடும்பம் நன்றாகத்தான் ஆரம்பிக்கும், சாமானைத் திருப்பிக் கொடுக்கும்போதுதான் தெரியும். பெர்கரை நீக்க மனம் வரவில்லை. ஆனாலும் என் மகள் வாழ்க்கை முக்கியம். அவனையும் நீக்குங்கள். காலுறையைத் திருப்பித் தரவேண்டாம் என்று சொல்லுங்கள்.

முட்டைகோஸ் சீவும் நாளுக்குள் மாப்பிள்ளை பெயர் பத்திரிகையில் வராவிட்டால் அவர் பட்டறைக்கு வந்தாக வேண்டும். அவர் வருவார், சொன்ன சொல் மாறாதவர். ஆனால் வந்து எப்படி இருப்பார் என்று எனக்குத் தெரியும். குளிர்காலம் முழுக்க ஜன்னலையே பார்த்துக்கொண்டிருப்பாரே, அப்படி இருப்பார்.

மரியாதையுடன்,
ஒட்டீலியா க்ரெப்ஸ்

*

கார்ட்வெல்
1908 ஆகஸ்ட் 17

திருமதி க்ரெப்ஸ் அவர்களுக்கு, மேனேஜர் டேன் ஃபேரல் சொல்லச் சொல்ல எழுதப்படுவது. நான் சுகம். அணியில் கட்டைவிரல்களைத் தவிர எல்லாம் சுகம். உங்கள் முழங்காலுக்கு என் அனுதாபம்.

உங்கள் கடிதம் ஜெர்மனில் இருந்தது. எனக்குத் தெரிந்த ஒரே ஜெர்மன் சொல் பீர். அணியில் அதை வாசிக்கத் தெரிந்தவன் ஒருவன்தான். காலைச் சாப்பாட்டு மேசையில் எல்லோர் முன்னாலும் உரக்கப் படிடா என்று அவனிடமே கொடுத்தேன். முதல் வரியிலேயே அவனுக்கு இருமல் வந்துவிட்டது. (அத்தை, காஸ்பர்தான் எழுதுகிறேன். நிஜமான இருமல்தான்.) ஹாகரை நீக்குங்கள் என்று வந்ததும் முதல் தளக்காரன் நாற்காலியிலிருந்து விழுந்தான். ஹாஃப்மனை நீக்குங்கள் என்றதும் பந்தெறிபவன் காபியை மூக்கு வழியாக விட்டான். பெர்கரின் காலுறை வந்ததும் எல்லோரும் மேசைக்கு அடியில் குனிந்து பார்த்தார்கள்.

அம்மா, மூன்று பேரையும் நீக்குவதில் எனக்குத் தடையில்லை. ஆனால் அப்படி நீக்கினால் எனக்கு ஒரே ஒரு ரயில் டிக்கெட்தான் மிச்சமாகும். மூன்று பேரும் ஒரே படுக்கையில் தூங்கி, ஒரே சட்டையைப் போட்டுக்கொண்டு, ஒரே வாயால் சாப்பிடுகிறார்கள். அந்த மூன்று பேரும் உங்கள் மாப்பிள்ளைதான். நீளப் பெயரை அச்சுக்காரர்கள் வெட்டியதில் வந்த வினை. (இதை எழுதமாட்டேன் என்றேன், அத்தை. பக்கத்தில் நின்றுகொண்டு, "எத்தனை பேரு வந்துச்சு, மூணும் வந்துச்சா?" என்று என் விரலையே பார்க்கிறார்.)

சிரிப்பு இருக்கட்டும். எங்கள் அணி முதலாளி ஆட்டம் பார்க்க வருவதில்லை, பத்திரிகைதான் பார்ப்பார். போன வாரம் அதைக் கையில் சுருட்டிக்கொண்டு வந்து, "என்னய்யா இது, அரைகுறையா ஆடுற மூணு பேரு, ஒரு நாளும் ஆடாத ஹாஃபன்பெர்கர்னு ஒருத்தன்! நாலு பேரையும் கழிச்சு விடு" என்றார். நாலு பேரும் ஒருவன்தான் என்றேன். "பேப்பர்ல காட்டு" என்றார். ஆகையால் அடுத்த வருடம் இவனை வைத்துக்கொள்ள வேண்டுமானால், பத்தியில் அடங்குகிற ஒரு பெயர் வேண்டும், அதுவும் செப்டம்பருக்குள். எத்தனை சொன்னாலும் இவன், "அத்தையைக் கேக்காம பேரை மாத்த முடியாது" என்கிறான்.

இவனைப்போல் ஒருவன் எனக்கு இனிக் கிடைக்கமாட்டான். (இது நானாகச் சேர்த்தது அல்ல.) இவனைப்போல் இருமுகிறவனும் கிடைக்கமாட்டான். (இதுவும்.)

டேன் ஃபேரல்

*

கார்ட்வெல்
1908 செப்டம்பர் 6

மதிப்புக்குரிய அத்தைக்கு,

உங்கள் சுகத்தையும் முழங்காலின் சுகத்தையும் அறிய ஆவல். நான் எழுதிய இரண்டு கடிதங்களுக்கும் பதில் இல்லை. லீஸலும் எழுதவில்லை. தபால்காரர் என்னைக் கண்டால் தெருவை மாற்றிக்கொள்கிறார்.

நான் செய்தது தவறு. மூன்று பேருக்குப் பின்னால் ஒளிந்துகொண்டேன். உங்கள் கோபம் நியாயம். என்னைத் திட்டியாவது ஒரு வரி எழுதுங்கள். இங்கே ஆட்டம் தீரும் காலம் நெருங்கிவிட்டது. முட்டைகோஸ் வண்டிகள் தெருவில் வரத் தொடங்கிவிட்டன. ஒவ்வொன்றையும் கண்டால் நானும் தெருவை மாற்றிக்கொள்கிறேன்.

காஸ்பர்

*

நியூ எல்பன்
1908 செப்டம்பர் 13

மாப்பிள்ளை அவர்களுக்கு ஒட்டீலியா க்ரெப்ஸ்.

சுகம். லீஸலை எழுதவேண்டாம் என்று சொன்னது நான்தான். கோழிக்கூண்டில் எதற்குச் சிரித்தாள் என்று இப்போதுதானே தெரிகிறது.

நான் திட்டப்போவதில்லை. மறக்கவும் போவதில்லை. உங்கள் சொந்தக் கையெழுத்தில் உங்கள் வண்டவாளத்தை எழுதியனுப்பிய கடிதம் மாவு டப்பாவுக்குப் பக்கத்தில் இருக்கிறது. தினமும் ஒருமுறை பார்க்கிறேன்.

பதில் எழுதாததற்குக் காரணம் உண்டு. அறுப்பின் பண்டிகை வரட்டும் என்று காத்திருந்தேன். வந்தது. க்ளாரா எப்படியும் ஆரம்பிப்பாள் என்று தெரியும். ஆரம்பித்தாள். கையில் கேக் தட்டு.

"ஒட்டீலியா, எங்க சித்தப்பா பேரன் முந்தாநாள் என்னமா அடிச்சான் பாத்தியா!"

"பாத்தேன், பாத்தேன். நல்ல பையன். அவனுக்கு நாந்தான் பொண்ணு குடுத்திருக்கேன்."

"என்னது?"

"கார்ட்வெல்ல ஹாஃப்மன்னு ஒருத்தனும் கெடையாது. அது எம் மாப்பிள்ளை காஸ்பர். அச்சுல பேரு கொழம்பிப்போச்சு. வேணும்னா மேனேஜர் லெட்டர் இருக்கு, காட்டட்டுமா? அதுசரி க்ளாரா, மூக்கு அப்படியே ஒன் மாமனார் மூக்குன்னு இந்தக் கோயில்ல எத்தன தடவ சொன்ன? எங்க சம்பந்தியம்மா காதுல விழுந்தா என்ன நெனப்பாங்க?"

பாதிரியார் மனைவி மறுபடியும் சிரித்தாள். அவளுக்கு அந்தப் பழைய கணக்கைத் தள்ளிவிட்டேன். க்ளாரா கேக் தட்டைத் தலைகீழாகப் பிடித்துக்கொண்டு வீட்டுக்குப் போனாள். மறுநாள் காலையில் என் வாசலில் புத்தம்புது முட்டைகோஸ் பலகை, கத்தியோடு. வாங்கிக்கொண்டேன். மன்னிக்கவில்லை.

இனி உங்கள் காரியம். பெயர் வராவிட்டால் பட்டறை என்பது பேச்சு. பெர்கர், ஹாகர், ஹாஃப்மன், இதில் எதுவும் உங்கள் பெயர் அல்ல. ஓட்டோ உளியைத் தீட்டிக்கொண்டிருக்கிறான். ஆனால் அடங்குகிற பெயர் ஒன்று இந்த வீட்டிலேயே இருக்கிறது. க்ரெப்ஸ். சுண்டுவிரல் அகலம் தாராளம். இன்று முதல் களத்தில் அதுதான் உங்கள் பெயர் என்று நான் சொல்கிறேன். நான் சொன்னால் அது உங்கள் பெயர்தான். அது வந்தால் உங்கள் பெயர் வந்ததாகத்தான் அர்த்தம். உங்கள் அப்பாவுக்கு வருத்தம் இருந்தால், அத்தனை நீளப் பெயரைக் கட்டிக்கொண்டு ஏன் கப்பல் ஏறினார்கள் என்று நான் கேட்டதாகச் சொல்லுங்கள்.

என் வீட்டுக்காரர் போனபின் அந்தப் பெயரைச் சுமக்க ஓட்டோ ஒருவன்தான். அவனுக்கும் பிள்ளை இல்லை. அதெல்லாம் இப்போது எதற்கு?

குளிர் வருகிறது. தோள்பட்டையை மூடிக்கொள்ளுங்கள்.

ஒட்டீலியா க்ரெப்ஸ்

*

கார்ட்வெல்
1908 செப்டம்பர் 28

மதிப்புக்குரிய அத்தைக்கு,

எல்லோரும் சுகமா? நான் இத்தனை சுகமாக இந்த வருடம் இருந்ததில்லை.

க்ரெப்ஸ் என்ற பெயரில் இரண்டு வாரம் ஆடினேன். மூன்றாம் தளத்தில் க்ரெப்ஸ், இடது பக்கம் க்ரெப்ஸ், பிடிப்பவனுக்கு விரல் போன அன்று அங்கேயும் க்ரெப்ஸ். முதலாளி பத்திரிகையை விரித்துவைத்துக்கொண்டு மேனேஜரைக் கேட்டாராம்: "யாருய்யா இந்த க்ரெப்ஸ், எங்க பாத்தாலும் நிக்கிறான்? இவனை விட்டுடாதே! இப்படி ஒருத்தன் இருக்கும்போது அந்த நாலு தண்டத்தையும் எதுக்குய்யா வெச்சிருந்தே?" மேனேஜர், "நாலு பேரையும் அன்னிக்கே அனுப்பிட்டேன் ஐயா" என்றாராம். அடுத்த வருடத்துக்குக் கையெழுத்துப் போட்டுவிட்டேன்.

அத்தை, கடைசி ஆட்டத்தைப் பற்றி மட்டும் ஒரு வார்த்தை. பத்திரிகை உங்களுக்கு வருவதற்குள் சொல்லிவிட வேண்டும் என்று நினைக்கிறேன், இனி எதையும் மறைப்பதில்லை. ஒரு பந்து, மிகச் சுலபமான பந்து, என் கைக்குள் வந்து வெளியே போய்விட்டது. தோற்றோம். சூரியன் இல்லை. கல்லும் இல்லை. நான்தான்.

அடுத்த வாரம் வீட்டுக்கு வரலாமா?

காஸ்பர்

*

நியூ எல்பன்
1908 அக்டோபர் 4

மாப்பிள்ளை அவர்களுக்கு ஒட்டீலியா க்ரெப்ஸ் எழுதுவது. சுகம். ஹெட்டி நடக்கிறாள், நடந்துபோய்க் கையுறையை நாயிடமிருந்து பிடுங்குகிறாள்.

உங்கள் கடிதத்துக்கு முன்பே பத்திரிகை வந்துவிட்டது. முதல் இரண்டு வாரத்துப் பத்திரிகைகளை எமிலிடமிருந்து வாங்கி, பெயர் வந்த பக்கத்தைச் சமையலறைச் சுவரில் ஒட்டினேன். லீஸலின் அப்பா படத்துக்குக் கீழே. ஓட்டோகூட வந்து நின்று பார்த்தான். உளியை வேறு ஆளுக்குக் கொடுத்துவிட்டான்.

கடைசி ஆட்டத்துப் பத்திரிகையை ஒட்டவில்லை. அதைத் தெருவுக்கே வாசித்துக் காட்ட க்ளாரா இருக்கிறாள். வேலிக்கு அந்தப் பக்கம் நின்றுகொண்டு, "என்ன ஒட்டீலியா, உங்க க்ரெப்ஸ் கைக்குள்ள வந்த பந்தக் கோழிக்குஞ்சு மாதிரி தொறந்து விட்டானாமே!" என்று கத்துகிறாள். இந்தப் பெயர் இந்த ஊரில் இத்தனை காலத்தில் எதையும் கீழே போட்டதில்லை, மாப்பிள்ளை.

நேற்று முட்டைகோஸ் சீவினேன். புதுப் பலகை நன்றாகத்தான் வெட்டுகிறது. அதை அவளிடம் சொல்லப்போவதில்லை. பீப்பாய் நிரம்பி, மேலே கல்லும் வைத்தாகிவிட்டது.

அடுத்த வருடம் அச்சுக்காரர்களிடம் இதை மட்டும் சொல்லிவிடுங்கள். நீங்கள் பந்தை அடித்தால் க்ரெப்ஸ் என்று போடட்டும். தவறவிட்டால் ஹாஃப்மன் என்று போடட்டும்.

ஒட்டீலியா க்ரெப்ஸ்

இன்னொன்று: பெர்கருக்கு அடுத்த ஜோடியும் பின்னியாகிவிட்டது. முதல் ஜோடி அவனுக்கு எப்படி அத்தனை சரியாக இருந்தது என்று நீங்கள் கேட்கவே இல்லை. வாசலில் நீங்கள் விட்டுப்போன பழைய பூட்ஸில்தான் அளவெடுத்தேன். வேறு அளவு வீட்டில் இல்லை. அவனை வந்து வாங்கிக்கொள்ளச் சொல்லுங்கள். கதவு திறந்திருக்கும்.